வகுப்பில் மீனை அறுக்கும்போது நீச்சல்பை (மீன் மிதக்க உதவும் காற்றுப்பை) கிழிந்துகொண்டே இருக்கிறது, ஏன்?

கத்தரியை ஆழமாக விடுவதுதான் காரணம். கழிவுத்துளையில் தொடங்கி, நுனியை மேல்நோக்கித் தூக்கியபடி தோலையும் சதையையும் மட்டும் செவுள் வரை வெட்டுங்கள். அப்புறம் பக்கச் சுவரை விலக்கினால் முதலில் கல்லீரலும் குடலும் தெரியும். மெதுவாக ஒதுக்குங்கள், பித்தப்பை உடைந்தால் எல்லாமே பச்சைக் கறைதான். முதுகெலும்புக்குக் கீழே, வெள்ளி நிறத்தில், ஊதிய பலூன்போல இருப்பது நீச்சல்பை. அதற்கும் மேலே கருஞ்சிவப்பாகப் படிந்திருப்பதை உறைந்த ரத்தம் என்று நினைத்துப் பலர் சுரண்டிவிடுவார்கள். அது சிறுநீரகம்!

இதயத்தை வயிற்றில் தேடாதீர்கள். செவுள்களுக்கு அடியில், தொண்டைப் பக்கம் இருக்கும். கையில் இருப்பது சுறாக்குட்டியா? சரி, நீச்சல்பையைத் தேடவே வேண்டாம், அதற்குக் கிடையாது.