டிஎல்எல் கேள்வி பதில்: பெயரைப் பார்க்காதீர்கள், யாருடையது என்று பாருங்கள்

கேள்வி: விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டரில் ஆயிரக்கணக்கில் டிஎல்எல் கிடக்கிறது. டபுள் கிளிக் செய்தால் எதுவும் திறப்பதில்லை. இவை எதற்கு?

பதில்: டிஎல்எல் (.dll) என்பது பல நிரல்கள் பகிர்ந்துகொள்ளக்கூடிய குறிமுறைக் கோப்பு. அது தானாக ஓடாது. ஓடிக்கொண்டிருக்கும் நிரல் கூப்பிட்டால்தான் வேலை செய்யும். சன்னல், பட்டன் எல்லாம் யூசர்32 என்ற டிஎல்எல் பார்த்துக்கொள்கிறது. கோப்பைத் திறக்க, படிக்க கெர்னல்32. ஒவ்வொரு நிரலும் இதையெல்லாம் தானே சுமக்க வேண்டாம் என்பதற்காகத்தான் பொதுவில் வைத்திருக்கிறார்கள். பத்து நிரல் ஒரே டிஎல்எல்லைப் பயன்படுத்தினாலும், அதன் குறிமுறை ரேமில் பெரும்பாலும் ஒரே பிரதியாகத்தான் இருக்கும். லினக்ஸில் இதே வேலையை .எஸ்ஓ கோப்புகளும், மேக்கில் .டைலிப் கோப்புகளும் செய்கின்றன.

கேள்வி: இவற்றை எப்படி வகை பிரிப்பது?

பதில்: நான் உரிமையாளரை வைத்துப் பிரிப்பேன். விண்டோஸுக்குச் சொந்தமானது ஒன்று. நிரல்களோடு வந்து இறங்கும் ரன்டைம், அதாவது நிரல் ஓடத் தேவையான பொதுக் கோப்புகள், இன்னொன்று. எம்எஸ்விசிபி140, விசிரன்டைம்140 எல்லாம் இதில் சேரும். ஒரு நிரலின் ஃபோல்டருக்குள்ளேயே இருந்து அதற்கு மட்டும் உழைப்பது மூன்றாவது. பழுது வந்தால் மருந்து இந்தப் பிரிவைப் பொறுத்துத்தான். முதல் வகை என்றால் அட்மின் உரிமையோடு கமாண்ட் பிராம்ப்ட் திறந்து எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ் (sfc /scannow) கட்டளை கொடுங்கள், அது விண்டோஸ் கோப்புகளைச் சரிபார்த்துப் பழுது நீக்கும். இரண்டாவதற்கு ரன்டைமையும், மூன்றாவதற்கு அந்த நிரலையும் மறுபடி நிறுவ வேண்டும்.

கோப்பின் வால் பெயரை நம்பிப் பிரிக்க முடியாது. கண்ட்ரோல் பேனலின் .சிபிஎல், பழைய .ஓசிஎக்ஸ் இரண்டும் உள்ளுக்குள் டிஎல்எல்தான்.

கேள்வி: 'விசிரன்டைம்140 காணவில்லை' என்று வந்தது. ஏதோ ஒரு தளத்தில் இறக்கி சிஸ்டம்32-ல் போட்டேன். இப்போது 7பி என்று முடியும் வேறு பிழை எண் வருகிறது, அண்ணா.

பதில்: பெரும்பாலும் 32 பிட் கோப்பை 64 பிட் இடத்தில் போட்டிருப்பீர்கள். இதில் உங்களைக் குறை சொல்ல மாட்டேன், பெயரே அப்படிக் குழப்புகிறது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32-க்குள் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64-ல் இருக்கின்றன! பழைய நிரல்களில் சிஸ்டம்32 என்ற பெயர் ஊறிப்போயிருந்ததால் அதை மாற்றாமல் விட்டார்கள்.

உறுதிப்படுத்த ஒரு வழி: அந்தக் கோப்பின் பிரதியை நோட்பேடில் திறங்கள் (சேமிக்க மட்டும் வேண்டாம்). முதல் இரண்டு எழுத்து 'எம்ஸெட்' (MZ). டாஸில் ஓடாது என்ற ஆங்கில வாக்கியம் தாண்டி, கொஞ்சம் கிறுக்கலுக்குப் பின் 'பிஇ' (PE) என்று வரும். அதை அடுத்து பெரிய 'எல்' (L) இருந்தால் 32 பிட். சின்ன 'டி' (d) இருந்தால் 64 பிட்.

எதுவாக இருந்தாலும் அந்தக் கோப்பை அழித்துவிடுங்கள். டிஎல்எல்லை அழைக்கும் நிரலுக்கு என்ன உரிமை உண்டோ, அதே உரிமையோடு உள்ளே இருக்கும் குறிமுறையும் ஓடும். முகம் தெரியாதவர் கொடுத்ததை அப்படி ஓட விடக்கூடாது. மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிளை 32, 64 இரண்டுமே இறக்கி நிறுவுங்கள். ஏற்கெனவே இருக்கிறது என்று சொன்னால் 'ரிப்பேர்' கொடுங்கள்.

கேள்வி: டிஎல்எல்லைப் பதிவு செய்ய ரெக்எஸ்விஆர்32 கட்டளை கொடுத்தால் 'என்ட்ரி பாயின்ட் இல்லை' என்கிறது. கோப்பு கெட்டுவிட்டதா?

பதில்: இல்லை. அது காம் (COM: ஒரு நிரலின் பாகத்தை இன்னொரு நிரல் பயன்படுத்த வழி செய்யும் மைக்ரோசாஃப்ட் முறை) வகை டிஎல்எல்லுக்கான கட்டளை. மற்றவற்றைப் பதிவு செய்யவே தேவையில்லை.

கேள்வி: பெயர் தெரியாத டிஎல்எல் ஒன்று இருக்கிறது. வைரஸா என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

பதில்: முதலில் இருப்பிடம் பாருங்கள். விண்டோஸ் கோப்பின் பெயரை வைத்துக்கொண்டு டெம்ப் ஃபோல்டரில் இருந்தால் சந்தேகப்படுங்கள். நிரலின் சொந்த ஃபோல்டரில் இருந்தாலும் கவனம் வேண்டும். ஒரு சில அடிப்படைக் கோப்புகள் நீங்கலாக, டிஎல்எல்லை விண்டோஸ் முதலில் தேடுவது பொதுவாக அங்கேதான். அதனால் தீய கோப்பை அதே பெயரில் அங்கே வைத்து ஏமாற்றுவது பழகிப்போன உத்தி.

பிறகு டாஸ்க்லிஸ்ட் கட்டளையோடு /எம் சேர்த்துக் கோப்புப் பெயரைக் கொடுத்தால், எந்த நிரல் அதை ஏற்றி வைத்திருக்கிறது என்று தெரியும். ப்ராப்பர்ட்டீஸில் டிஜிட்டல் கையொப்பமும் பாருங்கள். ஆனால் அந்தத் தாவல் இல்லை என்பதாலேயே போலி என்று முடிவு கட்டாதீர்கள்; விண்டோஸின் பல கோப்புகளுக்குக் கையொப்பம் தனி கேட்டலாக் கோப்பில் இருக்கிறது.

கேள்வி: விண்டோஸுக்குள் இருக்கும் வின்எஸ்எக்ஸ்எஸ் (WinSxS) ஃபோல்டர் ஏகப்பட்ட ஜிபி காட்டுகிறது. ஒரே டிஎல்எல் பல பதிப்புகளில் இருக்கிறதே, பழையதை அழிக்கலாமா?

பதில்: கையால் தொடவே வேண்டாம். ஒரு காலத்தில் புதிதாக நிறுவும் நிரல் பொது டிஎல்எல்லை வேறு பதிப்பால் மேலெழுதிவிடும். நேற்று வரை ஓடிய நிரல் இன்று விழும். 'டிஎல்எல் நரகம்' என்றே அதற்குப் பெயர். பல பதிப்புகளை அருகருகே வைக்கும் இந்த ஃபோல்டர் 2001-ல் எக்ஸ்பியோடு வந்தது அதற்காகத்தான். காட்டும் அளவும் முழுக்க உண்மை இல்லை. இதில் பல கோப்புகள் சிஸ்டம்32-ல் இருப்பவையேதான், ஹார்டு லிங்க் மூலம் இரண்டு இடத்திலும் தெரிகின்றன. இடம் வேண்டுமென்றால் டிஸ்க் கிளீனப்பில் 'விண்டோஸ் அப்டேட் கிளீனப்' தேர்ந்தெடுங்கள். எதை அழிக்கலாம் என்பதை விண்டோஸே பார்த்துக்கொள்ளும்.