பழைய கேம் டிஸ்க் விண்டோஸ் 10-ல் ஓடாதது ஏன்?

சத்துவாச்சாரி நண்பருக்கு: ஒரிஜினல் டிஸ்க், இன்ஸ்டால் ஆகுது, ஐகானைத் தட்டினா ஒண்ணும் வரலைன்னு கேட்டிருக்கீங்க. டிஸ்க்கைத் துடைச்சு பிரயோஜனமில்லை. அதைத் திறந்து, 00000001.டிஎம்பி என்ற ஃபைல் இருக்கா பாருங்க. இருந்தா அது சேஃப்டிஸ்க் பூட்டு. நகல் எடுக்க முடியாதபடி டிஸ்க்கில் வேணும்னே கெட்ட செக்டார் போட்டிருப்பாங்க. அதைச் சரிபார்க்க செக்டிஆர்வி.எஸ்ஒய்எஸ் என்ற டிரைவர், அதாவது விண்டோஸுக்குள்ள ஓடுற சின்ன புரோகிராம், வேணும். பாதுகாப்பு ஓட்டைன்னு 2015-ல் விண்டோஸ் 10 அதைக் கைவிட்டது. காம்பேட்டிபிலிட்டி மோடு (பழைய விண்டோஸ் மாதிரி ஓட்டுற செட்டிங்) மாத்தினாலும் டிரைவர் வராது. வேலூர் வெயில்ல டிஸ்க் கெட்டுச்சோன்னு கவலை வேண்டாம்!

பூட்டை உடைக்கிற கிராக் ஃபைலைத் தேடாதீங்க; விண்டோஸின் வைரஸ் காவலான டிஃபெண்டரை அணைக்கச் சொல்ற ஃபைலை நம்பவே கூடாது. அதே கேம் ஜிஓஜி என்ற ஆன்லைன் கேம் கடையில் இருந்தா, அங்க பூட்டில்லாமல் கிடைக்கும், ஆஃபர்ல விலையும் குறையும். இல்லையா, பழைய விண்டோஸ் எக்ஸ்பி மெஷின் ஒண்ணுல, நெட் கேபிளைக் கழட்டிட்டு ஓட்டுங்க.