காலத்தைத் திருப்பும் வட்டு

கேள்வி: 2023-ல் வந்த இண்டியானா ஜோன்ஸ் படத்தில் ஆர்க்கிமிடீஸ் செய்த வட்டு ஆட்களைப் பழைய காலத்துக்கே கூட்டிப்போகிறதே, அப்படி ஒரு பொருள் உண்டா?

பதில்: பொருள் உண்டு, காலப்பயணம்தான் கற்பனை. கிரேக்கத்தின் ஆன்டிகிதெரா தீவருகே மூழ்கிக்கிடந்த கப்பலிலிருந்து 1901-ல் எடுத்த, ஆன்டிகிதெரா இயந்திரம் என்ற பழங்காலக் கருவியின் பச்சைக் களிம்பேறிய வெண்கலத் துண்டுகள் அவை; ஏதென்ஸ் தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. ஆர்க்கிமிடீஸ் செய்ததற்குச் சான்றில்லை. சரி, அந்தக் கருவி என்ன செய்யும்? எஞ்சியிருக்கும் 30 பல்சக்கரங்களில் ஒன்றுக்கு 223 பற்கள், ஏனென்றால் கிரகணங்கள் 223 சந்திர மாதங்களுக்கு ஒருமுறை அதே வரிசையில் திரும்பிவரும், அதை முள் காட்டிவிடும். நிலா சில நாள் வேகமாகவும் சில நாள் மெதுவாகவும் நகர்வதைக்கூட ஒரு சக்கரத்தின் ஆணியை இன்னொன்றின் பள்ளத்தில் ஓடவிட்டுக் காட்டியிருக்கிறார்கள். எனக்குப் படத்தைவிட அந்த ஆணிதான் பெரிய அதிசயம்.