பாட்டியின் இனிப்புநீரும் பேத்தியின் படிப்பும்

அன்புள்ள அம்மாவுக்கு,

சென்ற ஞாயிற்றுக்கிழமை சுங்கை சிப்புட்டில், மகளின் எஸ்.பி.எம். (மலேசியாவில் ஐந்தாம் படிவ இறுதித் தேர்வு) முடிவுத் தாளையும் ஒரு தனியார் கல்லூரியின் மருத்துவப் படிப்புக் கட்டண அட்டவணையையும் என் மேசைமீது வைத்துவிட்டு, “எப்படியாவது இவளை டாக்டராக்கிவிட வேண்டும்” என்று நீங்கள் கண் கலங்கியபோது, நான் ஆறுதல் சொல்லி அனுப்பிவிட்டேன். அது போதாது என்று அன்றிரவே உறுத்தியது. இப்போது தெளிவாகச் சொல்கிறேன்: அந்தக் கல்லூரிக்கு முன்பணம் கட்டாதீர்கள்.

5 ஆண்டுகளுக்கு 350,000 ரிங்கிட் என்று அந்த அட்டவணையில் இருக்கிறது. உங்கள் கணவர் செம்பனைத் தோட்டத்தில் 26 ஆண்டுகள் உழைத்துச் சேர்த்த ஊழியர் சேமநிதியை எடுத்து, வீட்டையும் அடகு வைத்தால்கூட அதில் பாதியைத்தான் எட்ட முடியும். பட்டம் பெற்றபின் 2 ஆண்டுகள் பயிற்சி மருத்துவராகப் பணியாற்ற வேண்டும். 2016 டிசம்பர் முதல் அந்தப் பணி ஒப்பந்த அடிப்படையிலேயே வழங்கப்படுகிறது. நிரந்தரப் பணி கேட்டு இளம் மருத்துவர்கள் 2021 ஜூலையில் கறுப்பு உடையணிந்து மருத்துவமனைகளை விட்டு வெளிநடப்புச் செய்ததை நீங்களும் செய்தியில் பார்த்திருப்பீர்கள். குடும்பத்தில் ஒரு டாக்டர் வேண்டாமா என்று பிள்ளையின் தாய்மாமன் கேட்கிறார். கேட்பது எளிது, கடன் பத்திரத்தில் கையெழுத்திடப் போவது அவரல்லர்.

உங்கள் மகளிடம் தனியே பேசினேன். வார்டில் நின்று நோயாளியைக் கவனிக்கும் ஆசை தனக்கு இல்லை என்பதை அவள் தயங்கித் தயங்கித்தான் சொன்னாள். ஆனால் பாட்டியின் சர்க்கரை அளவுகளை மூன்று ஆண்டுகளாக ஒரு நோட்டில் எழுதி வருவதையும், மருந்து மாறிய நாள்களைச் சிவப்பு மையால் குறித்திருப்பதையும் சொன்னபோது அவள் குரலில் தயக்கமே இல்லை. நோயை அறிந்துகொள்வதிலும் அதை வகைபிரித்து ஒழுங்குபடுத்துவதிலும்தான் இந்தப் பிள்ளையின் நாட்டம். பல்கலைக்கழகத்துக்கு முந்தைய படிப்புகளான மெட்ரிகுலேஷன், எஸ்.டி.பி.எம். ஆகியவற்றைப் பற்றி ஆசிரியர்கள் சொல்லியிருப்பார்கள். யாரும் சொல்லியிராத ஒரு துறையைப் பற்றி நான் எழுதுகிறேன்.

அது மருத்துவக் குறியீட்டுத் துறை, அதாவது மெடிக்கல் கோடிங். நோயாளி வீடு திரும்பும்போது மருத்துவர் எழுதும் சுருக்கத்தைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் உலகச் சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி.-10 வகைப்பாட்டில் உரிய குறியீட்டை இடுவதே கோடரின் பணி. உங்கள் மாமியாரையே எடுத்துக்கொள்ளுங்கள். மருத்துவர் ‘நீரிழிவு’ என்று மட்டும் எழுதியிருந்தால் அது இ14 (ஆங்கிலத்தில் E14), அதாவது வகை குறிப்பிடப்படாதது. இரண்டாம் வகை என்று தெரிந்தால் இ11. சிறுநீரகம் பாதிக்கப்பட்டிருந்தால் இ11.2, இரத்த ஓட்டம் குறைந்து கால் புண்ணாகியிருந்தால் இ11.5, இரண்டும் சேர்ந்திருந்தால் இ11.7. கவனமில்லாத ஒருவர் சிக்கல் ஏதுமில்லாததைக் குறிக்கும் இ11.9-ஐ இட்டுவிட்டால், டயாலிசிஸ் நாற்காலியில் அந்த அம்மா கழித்த நாள்கள் கணக்கிலேயே இல்லாமல் போகும். 2023ஆம் ஆண்டின் தேசியச் சுகாதார ஆய்வின்படி மலேசியாவில் வயதுவந்தோரில் 15.6 விழுக்காட்டினருக்கு நீரிழிவு இருக்கிறது. எத்தனை டயாலிசிஸ் இயந்திரம் வேண்டும், எங்கே வேண்டும் என்று திட்டமிடுவோர் இத்தகைய பதிவுகளைத்தான் நம்பியிருக்கிறார்கள்.

நாம் அந்த நோயை ‘இனிப்புநீர்’ என்கிறோம். ஆனால் சிறுநீரில் சர்க்கரை இறங்குவதெல்லாம் நீரிழிவாகாது. இரத்தத்தில் அளவு சரியாக இருந்தும் சிறுநீரகம் சர்க்கரையை மீண்டும் உறிஞ்சிக்கொள்ளாமல் வெளியே விட்டுவிடும் பிறவிக் குறை ஒன்று உண்டு. அதன் இடம் இ11 அன்று, மாவுச்சத்து வளர்சிதைமாற்றக் கோளாறுகளுக்கான இ74 பிரிவில் இ74.8. பால் குடித்ததும் வாந்தியெடுக்கும் குழந்தைகளிலும் இப்படித்தான். பாலிலுள்ள லாக்டோஸைச் செரிக்கும் நொதி குடலில் குறைந்தால் அது இ73. வயிற்றுப் பொருமலும் பேதியும் வரும். லாக்டோஸ் பிரிந்து உண்டாகும் கேலக்டோஸை உடல் கையாள முடியாவிட்டால் அது இ74.2, கல்லீரல் கெடும், கண்ணில் புரை விழும், தாய்ப்பாலைக்கூட உடனே நிறுத்த வேண்டும். இரண்டுக்கும் தொடக்கம் அதே பால்தான், ஆனால் ஒன்று தொல்லை, மற்றொன்று உயிராபத்து. இந்த வேறுபாட்டை நான் விளக்கியபோது, “அப்படியானால் ஃப்ரக்டோஸ் எங்கே வரும்?” என்று உங்கள் மகள் உடனே கேட்டாள். இ74.1 என்றேன், எழுதிக்கொண்டாள்.

தாய்மாமன் இதை ஃபைல் தூக்கும் வேலை என்கிறாராம். உடற்கூறு, நோயியல், மருந்தியல் மூன்றும் தெரியாதவர் இந்த நாற்காலியில் ஒரு வாரம்கூட உட்கார முடியாது. குறியீடுகளைக் கொண்டு சிகிச்சைச் செலவைக் கணக்கிடும் கேஸ்மிக்ஸ் முறையை யு.கே.எம். (மலேசியத் தேசியப் பல்கலைக்கழக) மருத்துவமனை 2002 முதல் நடைமுறைப்படுத்தி வருகிறது. தனியார் மருத்துவமனைகளில் காப்புறுதிக் கோரிக்கைகளுக்கும் நோய்க் குறியீடு வேண்டும். 2022 ஜனவரியில் ஐ.சி.டி.-11 நடைமுறைக்கு வந்துவிட்டதால், இப்போது படிக்கத் தொடங்குபவர் பழையதையும் புதியதையும் சேர்த்தே கற்பார்.

உங்களிடம் எதையும் மறைக்கப் போவதில்லை. சம்பளம் நிபுணத்துவ மருத்துவருடையதைப்போல இராது. அரசு மருத்துவமனைகளின் மருத்துவப் பதிவேட்டுப் பிரிவுகளில் காலியிடங்கள் அடிக்கடி வருவதில்லை. குறியீட்டைப் பரிந்துரைக்கும் மென்பொருள்களும் வந்துவிட்டன; ஆகவே மனப்பாடம் செய்பவருக்கு இங்கே இடமில்லை, மருத்துவர் எழுதாமல் விட்டதைக் கண்டுபிடித்துத் திரும்பக் கேட்பவருக்கே இடம்.

செலவில் மட்டும் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன். சுகாதாரத் தகவல் மேலாண்மை அல்லது மருத்துவப் பதிவேட்டு மேலாண்மை என்ற பெயரில் எந்தக் கல்லூரி டிப்ளோமா தந்தாலும், அது படிப்புகளுக்கு அங்கீகாரம் தரும் மலேசியத் தகுதி முகமையான எம்.கியூ.ஏ.வின் தகுதிப் பதிவேட்டில் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். பெயர் இல்லையென்றால் அதோடு விட்டுவிடுங்கள். ‘ஆறு மாதத்தில் அமெரிக்கச் சான்றிதழ்’ என்று விளம்பரம் செய்வோருக்கு இப்போது ஒரு காசும் கொடுக்க வேண்டாம். அந்தச் சான்றிதழ்கள் அமெரிக்கக் காப்புறுதி முறைக்காக உருவானவை. அடிப்படைப் படிப்பு முடிந்தபின் அவளே தேவை கருதி எழுதிக்கொள்ளலாம்.

வரும் சனிக்கிழமை காலை மீண்டும் வாருங்கள். தாய்மாமனையும் அழைத்து வாருங்கள். மாமியார் கடைசியாக மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பியபோது தந்த தாள் இருந்தால் மறக்காமல் எடுத்து வாருங்கள், ஐ.சி.டி. தொகுதிகளை நான் மேசைமீது வைக்கிறேன். முதலில் அகரவரிசையில் தேடி, பிறகு பட்டியலில் சரிபார்த்து, உங்கள் மகளே குறியீடு இடட்டும். அவள் செய்வதைத் தாய்மாமனும் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கட்டும்.