இரவில் மணக்கும் ஆர்க்கிட் ஏன் பூக்கவில்லை, பூத்தும் ஏன் மணக்கவில்லை?

கேள்வி: இரவில் மணக்கும் என்று சொல்லி விற்ற பிராசவோலா நோடோசா என்ற ஆர்க்கிட் செடியை மூன்று ஆண்டுகளுக்கு முன் பூவோடு வாங்கினேன். கூடத்துச் சன்னலுக்கு அருகில் வைத்திருக்கிறேன். வாடிவிடுமோ என்ற அச்சத்தில் நாள்தோறும் நீர் ஊற்றுகிறேன். இலைகள் கரும்பச்சையாக நீண்டு தொங்குகின்றன, பூவைத்தான் காணோம். சென்ற ஆண்டு இரண்டே பூக்கள் வந்தன, அவற்றிலும் மணமில்லை. எனக்கு வேறு ஏதேனும் செடியைத் தந்துவிட்டார்களா? தொட்டியை உடனே மாற்றலாமா?

பதில்: இலைகள் கரும்பச்சையாக இருக்கின்றன என்று எழுதியிருக்கிறீர்கள். உங்கள் கேள்விக்கான விடையில் பாதி அந்த ஒரு சொல்லிலேயே இருக்கிறது. ஆனாலும் செடி அதுதானா என்பதை முதலில் உறுதி செய்துகொள்வோம். பென்சில் பருமனில் உருண்டு, மேற்புறம் நெடுக ஒரு பள்ளக்கோடு ஓடும் தடித்த இலைகளும், நாடா போல ஒடுங்கிய ஐந்து வெளிர்பச்சை இதழ்களுக்கு நடுவே இதய வடிவில் விரிந்த வெள்ளை உதடு கொண்ட பூவும் இருந்தால், அது பிராசவோலா நோடோசாவே. தாவரவியலாளர் லின்னேயஸ் 1753இல் இதை எபிடென்ட்ரம் என்ற பேரினத்தில் வைத்து விவரித்தார். மற்றொரு தாவரவியலாளரான ஜான் லிண்ட்லி 1831இல் இன்றைய பிராசவோலா பேரினத்துக்கு மாற்றினார். ஸ்பானிய மொழி பேசுவோர் இதை ‘தாமா தே நோச்சே’, அதாவது இரவின் சீமாட்டி என்று அழைக்கிறார்கள்.

மெக்சிகோவிலிருந்து தென்னமெரிக்காவின் வடபகுதி வரை இது இயற்கையாக வளர்கிறது. மரக்கிளைகளிலும் பாறைகளிலும், கடலோர அலையாத்தி மரங்களிலும்கூட வேரூன்றி நிற்கிறது. வெயில் நேராக விழும், காற்று ஓயாமல் வீசும், மழை பெய்த சில மணி நேரத்தில் எல்லாம் காய்ந்துவிடும் இடங்கள் அவை. கேட்லியா என்ற ஆர்க்கிட்டுக்கு இருப்பது போன்ற பருத்த போலிக்குமிழ், அதாவது நீரைச் சேமிக்கும் புடைத்த தண்டு, இதற்கில்லை. நீரை இலையில்தான் சேமிக்கிறது. இலை உருண்டு தடித்திருப்பது அதனால்தான். வெயிலுக்கும் வறட்சிக்கும் இப்படித் தன்னை அமைத்துக்கொண்ட செடி, கூடத்தின் மங்கிய ஒளியிலும் நாள்தோறும் ஈரத்திலும் உயிர் பிழைக்கும், இலையும் விடும். பூப்பதற்கு வேண்டிய உணவை மட்டும் அதனால் திரட்ட முடியாது.

ஆகவே முதலில் சரி செய்ய வேண்டியது ஒளி. போதிய ஒளி பெறும் பிராசவோலாவின் இலை சற்று மஞ்சள் கலந்த இளம்பச்சையாக இருக்கும். சில இலைகளில் செந்நிறப் புள்ளிகளும் தெரியும். இதை நோய் என்று எண்ணிச் செடியை நிழலுக்கு மாற்றுபவர்களைப் பலமுறை பார்த்திருக்கிறேன், உண்மையில் அது நல்ல அறிகுறி. ஒளிமானி வைத்திருப்பவர்கள் பகலின் பெரும்பகுதிக்கு ஏறத்தாழ 30,000 லக்ஸ் (ஒளியின் அளவு) கிடைக்கிறதா என்று பார்க்கலாம். மானி இல்லாவிட்டால், நண்பகலில் இலைக்கு ஒரு முழம் மேலே கையை நீட்டிப் பாருங்கள்; நிழலின் விளிம்பு தெளிவாக விழ வேண்டும். திறந்தவெளியில் வைப்பதானால் 50 விழுக்காடு நிழல்வலை போதும். ஆனால் மூன்று ஆண்டுகள் நிழலில் இருந்த செடியை ஒரே நாளில் வெயிலுக்கு மாற்றினால் இலை வெந்து வெளுத்துவிடும். காலை வெயிலில் தொடங்கி, மூன்று நான்கு வாரங்களில் படிப்படியாகப் பழக்குங்கள். வெயில் நேரத்தில் இலையைத் தொட்டால் சூடாகச் சுடுகிறதென்றால் ஒளி மிஞ்சிவிட்டது அல்லது காற்றோட்டம் போதவில்லை என்று பொருள்.

அடுத்தது இரவு. பெரும்பாலானோர் கவனிக்காமல் விடுவது இதைத்தான். மிகுதியான செடிகள் பகலில் இலைத்துளைகளைத் திறந்து கரியமில வாயுவை உள்வாங்குகின்றன. பிராசவோலா போன்ற தடித்த இலை ஆர்க்கிட்கள் நீர் வீணாகாமல் இருக்க, பகலில் துளைகளை மூடிக்கொண்டு இரவில் திறக்கின்றன. இரவில் வாங்கிய வாயுவை மாலிக் அமிலமாகச் சேமித்து வைத்து, மறுநாள் ஒளி வந்ததும் சர்க்கரையாக்குகின்றன. ஆக, இந்தச் செடிக்கு இரவு ஓய்வு நேரமில்லை, உழைக்கும் நேரம். பகலைவிட இரவு ஐந்து முதல் எட்டு டிகிரி குளிர்ந்திருந்தால் இந்த வேலை நன்றாக நடக்கும். பகலில் 25 முதல் 32 டிகிரி செல்சியஸும், இரவில் 16 முதல் 20 டிகிரியும் இதற்கு மிக இசைவானவை. காற்று ஓடும் இடமாக இருந்தால் அதைவிடக் கூடிய வெப்பத்தையும் தாங்கும். 13 டிகிரிக்குக் கீழே இறங்கும் இடங்களில் செடியை உள்ளே எடுத்து வைப்பது நல்லது.

நாள்தோறும் நீர் ஊற்றுவதை இன்றே நிறுத்திவிடுங்கள். ஆர்க்கிட் வேரைச் சுற்றிப் பஞ்சு போன்ற வெண்ணிற உறை ஒன்று இருக்கிறது. நனைந்ததும் அது பச்சையாகிறது, காய்ந்ததும் மீண்டும் வெள்ளி நிறத்துக்குத் திரும்புகிறது. எப்போது நீர் விடுவது என்பதற்கு இதைவிடத் தெளிவான அடையாளம் வேண்டியதில்லை. வேர்கள் முழுதும் வெளுத்து, தொட்டியைத் தூக்கிப் பார்த்தால் கனமில்லாமல் இருக்கும்போது, அடித்துளை வழியே ஓடும் அளவுக்கு நன்றாக ஊற்றுங்கள்; பிறகு மீண்டும் காயும்வரை விட்டுவிடுங்கள். புதுத்தளிர் வளரும் வெப்ப மாதங்களில் இது இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறையாகவும், வளர்ச்சி நின்ற குளிர்ந்த மாதங்களில் வாரம் ஒருமுறையாகவும் அமையலாம். தொட்டியின் அளவும் காற்றின் ஈரமும் ஒவ்வோர் இடத்திலும் மாறுவதால், நாட்கணக்கை நம்பாமல் வேரின் நிறத்தை நம்புங்கள். காலையில் ஊற்றினால் இலையிடுக்குகள் இருட்டுவதற்குள் காய்ந்துவிடும். அங்கே இரவு முழுதும் ஈரம் தங்கினால் தளிர் அழுகும். அலைச்சாரல் படும் இடத்தில் வளரும் செடிதானே என்று உப்பு நீரை ஊற்றிவிடாதீர்கள். அங்கே படியும் உப்பை அடுத்த மழை கழுவிவிடுகிறது, தொட்டியில் அது தங்கிவிடும்.

உரம் குறைவாகப் போதும். தழை, மணி, சாம்பல் சத்துகள் (நைட்ரஜன், பாஸ்பரஸ், பொட்டாசியம்) மூன்றும் சம அளவில் உள்ள 20-20-20 போன்ற நீரில் கரையும் உரத்தை, உறையில் குறித்த அளவில் நான்கில் ஒரு பங்காக்கி, வளரும் பருவத்தில் வாரம் ஒருமுறை கொடுங்கள். மாதம் ஒருமுறை வெறும் நீரால் தொட்டியை நன்றாகக் கழுவிவிடுங்கள். இலையின் அடிப்புறத்திலும் இலைக்காம்பின் உறைக்குள்ளும் செதில்பூச்சியும் மாவுப்பூச்சியும் ஒளிந்திருக்கும். நனைத்த பஞ்சால் துடைத்தெடுப்பதே தொடக்க நிலையில் போதுமானது.

இனி, மணம். உங்கள் பூ மணமற்றது என்ற முடிவுக்கு வருவதற்கு முன், அதை எப்போது முகர்ந்தீர்கள் என்று எண்ணிப் பாருங்கள். இந்தப் பூவின் மணம் மனிதருக்காக எழுவதன்று. இரவில் பறக்கும் பருந்து அந்துப்பூச்சிகளை அழைப்பதற்காக எழுவது. இருட்டில் நிறங்கள் பயன்படாததால் வெண்மையும் நறுமணமுமே அவற்றுக்கு வழிகாட்டுகின்றன. அந்துப்பூச்சி பறக்காத பகலில் மணத்தை வெளியிடுவது செடிக்கு வீண்செலவு என்பதால், காலையிலும் நண்பகலிலும் மூக்கை வைத்தால் ஏதும் தெரியாது. அந்தி சாய்ந்து நன்றாக இருட்டிய பிறகு, ஓரிரு மணி நேரம் கழித்து முகர்ந்து பாருங்கள். மொட்டு விரிந்த முதல் நாளிலேயே மணம் முழுமையாக வராமல் இருக்கலாம். இரண்டாம் மூன்றாம் இரவு வரை பொறுத்திருங்கள்.

மணம் வெளிவரும் நேரத்தைப் பூவின் உள்கடிகாரம் தீர்மானிக்கிறது. அந்தக் கடிகாரத்தைத் திருத்தி வைப்பவை ஒளியும் இருளும். உங்கள் செடி இருக்கும் கூடத்தில் நள்ளிரவு வரை விளக்கு எரியுமானால், செடிக்கு அந்தி எப்போது வந்தது என்பதே குழம்பிப்போகிறது. மொட்டு பருக்கத் தொடங்கியதும், இரவில் உண்மையாகவே இருட்டும் இடத்துக்குச் செடியை மாற்றுங்கள். செயற்கை விளக்கில் வளர்ப்பவர்கள் 12 முதல் 14 மணி நேரத்துக்குப் பிறகு விளக்கை முழுதுமாக அணைத்துவிட வேண்டும். மிகக் குளிர்ந்த காற்றிலும் மணம் எளிதில் ஆவியாகாது. மின்விசிறி நேராக வீசினால் எழுந்த மணமும் சிதறிவிடும். இவை போக, ஒரே மணத்துக்கு மூக்கு சில நிமிடங்களில் பழகிவிடுவதால், பூவின் அருகிலேயே நின்றுகொண்டிருந்தால் மணம் நின்றுவிட்டது போலத் தோன்றும். அறையை விட்டு வெளியே போய்ச் சற்று நேரம் கழித்துத் திரும்பி வாருங்கள். வாசலிலேயே அது உங்களை எதிர்கொள்ளும்.

இத்தனைக்குப் பிறகும் மணமில்லை என்றால், செடி கலப்பினமாக இருக்கக்கூடும். பிராசவோலா நோடோசாவைக் கேட்லியாவோடு கலந்து உருவாக்கிய அழகிய நிறமுள்ள வகைகள் பல உண்டு. அவற்றில் சிலவற்றில் இரவு மணம் மங்கிவிடுகிறது. மணத்துக்காகவே வளர்ப்பவருக்கு, கலப்பில்லாத வெள்ளைப் பூவையே நான் பரிந்துரைப்பேன்.

இந்த ஒரு செடி கைவந்த பிறகு, இதன் உறவான ரிங்கோலேலியா டிக்பியானாவை முயலலாம். ஹோண்டுராஸ் நாட்டின் தேசிய மலரான அது, உதட்டின் விளிம்பு முழுதும் இழையிழையாகப் பிரிந்து, இரவில் எலுமிச்சை மணம் வீசும். ஆனால் மெதுவாக வளரும். ஒளியும் இன்னும் கூடுதலாக வேண்டும். மடகாஸ்கரின் அங்க்ரேகம் செஸ்க்விபெடாலே என்ற ஆர்க்கிட் நேர்மாறானது. அதற்கு வெயில் குறைவாகவும் ஈரம் சீராகவும் இருக்க வேண்டும். வேரைத் தொந்தரவு செய்தால் நெடுநாள் முடங்கிவிடும். அதன் பூவின் பின்னே ஏறத்தாழ 30 சென்டிமீட்டர் நீளத்துக்குத் தேன்குழல் தொங்குவதைக் கண்ட சார்லஸ் டார்வின், அந்த அளவு நீண்ட உறிஞ்சுகுழல் கொண்ட அந்துப்பூச்சி ஒன்று மடகாஸ்கரில் இருக்க வேண்டும் என்று 1862இல் எழுதினார். அத்தகைய அந்து அவர் இறந்து இருபத்தோரு ஆண்டுகளுக்குப் பின், 1903இல் விவரிக்கப்பட்டது. அந்தப் பூவும் இரவில்தான் மணக்கிறது.

தொட்டியை உடனே மாற்ற வேண்டுமா என்று கேட்டிருந்தீர்கள். தொட்டியில் நிரப்பிய ஊடகம் (மரப்பட்டை போன்றவை) மட்கிக் கூழாகி, வேர்கள் பழுப்பாகி, அழுத்தினால் நசுங்கும் நிலையில் இருந்தால் மட்டும் காத்திருக்காமல் மாற்றுங்கள். அப்படி இல்லையென்றால், புதிய தளிரின் அடியில் பச்சை நுனியோடு வேர்மொட்டுகள் எட்டிப்பார்க்கும் வரை பொறுங்கள். அந்த வேர்கள் ஒரு சென்டிமீட்டர் நீள்வதற்கு முன் மாற்றிய செடி, புதிய இடத்தை உடனே பற்றிக்கொள்ளும். ஓய்வில் இருக்கும்போது மாற்றிய செடி மாதக்கணக்கில் அப்படியே நிற்கும். விரல்நுனி அளவுள்ள மரப்பட்டைத் துண்டுகளோடு கரித்துண்டுகளைக் கலந்து, செடியின் வேருக்கு மட்டும் இடங்கொடுக்கும் சிறிய மண்தொட்டியில் வையுங்கள். காற்றில் ஈரம் மிகுந்த இடமானால், தொட்டியையே தவிர்த்து ஒரு மரக்கட்டையில் கட்டிவிடலாம். அப்போது நீர் அடிக்கடி தெளிக்க வேண்டியிருக்கும். செடி ஆடாதபடி இறுகக் கட்டுவது முக்கியம், ஏனெனில் ஆடும் செடியின் வேர்நுனிகள் ஒவ்வொரு முறையும் உரசி மடிந்துபோகும்.