வாசகர் கேள்வி: இந்தக் குப்பையை எங்கே போடுவது?

கேள்வி: நான் மக்கும் குப்பை, மக்காத குப்பை என்று பிரித்துத்தான் வைக்கிறேன். வண்டியில் வருகிறவர் இரண்டையும் ஒன்றாகக் கொட்டிக்கொண்டு போகிறார். அப்புறம் நான் எதற்கு மெனக்கெட வேண்டும்? (சென்னை வாசகி)

பதில்: கோபம் நியாயம்தான். பிரித்து வாங்குவதை உள்ளாட்சியின் பொறுப்பாகவே 2016-லேயே திடக்கழிவு மேலாண்மை விதிகள் சொல்லிவிட்டன, அதனால் சென்னை மாநகராட்சியின் புகார் எண்ணான 1913-க்கு போன் போட்டுப் புகார் கொடுங்கள், தயங்க வேண்டாம். ஆனால் அந்த வண்டிக்காரரிடம் சண்டைக்குப் போகாதீர்கள், பெரும்பாலும் அவருக்குக் கொடுத்திருக்கும் வண்டியில் தடுப்பே இருக்காது.

நீங்கள் செய்யக்கூடியது ஒன்று உண்டு. உலர்ந்ததை வண்டிக்கே தராதீர்கள். பேப்பர், அட்டை, பாட்டில், தகரம் எல்லாம் ஒரு சாக்கில் சேரட்டும், மாதம் ஒருமுறை காயலான் கடைக்குப் போகட்டும். சாம்பார் பட்ட அட்டையை எந்தக் கடைக்காரரும் தொட மாட்டார், சுத்தமான அட்டைக்குக் காசு கொடுப்பார். வண்டிக்கு மிஞ்சுவது காய்கறித் தோலும் மிச்சம் மீதியும்தான், அதை எதோடு கலக்கப் போகிறார்?

கலந்து போவதுதான் பெரிய வினை. சோறும் பிளாஸ்டிக்கும் மலையாகக் குவிந்து காற்றுப் புகாமல் அழுகினால் மீத்தேன் வரும், அது தீப்பிடிக்கிற வாயு. சென்னையின் பெருங்குடிக் குப்பைக் கிடங்கு 2022 ஏப்ரலில் எரிந்து நாள்கணக்கில் புகைந்தது நினைவிருக்கும். அதை ஒட்டியே இருக்கிற பள்ளிக்கரணைச் சதுப்பு நிலம் அதே ஆண்டுதான் உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலில் சேர்ந்தது, என்ன பொருத்தம் பாருங்கள்!

கேள்வி: அப்பா தினமும் இன்சுலின் போடுகிறார். ஊசியை மூடி போட்டுக் குப்பைப் பையில் போடுகிறோம். சரிதானே?

பதில்: சரியில்லை. அந்தச் சின்ன மூடி பைக்குள்ளேயே கழன்றுவிடும், பையைக் கையால் அமுக்கி எடுக்கிற தூய்மைப் பணியாளருக்குத்தான் குத்தும். காலியான பினாயில் பாட்டில் மாதிரி கெட்டியான டப்பா ஒன்றை எடுத்து, மேலே ‘ஊசி’ என்று கொட்டை எழுத்தில் எழுதி, போட்டவுடனே அதற்குள் போட்டுவிடுங்கள் (தண்ணீர் பாட்டில் வேண்டாம், மெல்லிசு, குத்திக்கொண்டு வெளியே வரும்). முக்கால்வாசி நிறைந்ததும் இறுக மூடி, அப்பா வழக்கமாகப் போகும் மருத்துவமனையிலோ ரத்தப் பரிசோதனை நிலையத்திலோ வாங்கிக்கொள்வார்களா என்று கேட்டுக் கொடுங்கள். நாப்கினும் குழந்தையின் டயப்பரும் இதே கணக்குத்தான், செய்தித்தாளில் சுற்றி, பேனாவால் ஒரு சிவப்புக் குறி போட்டு, தனியாகக் கொடுங்கள். பிரித்துப் பார்க்காமலே தூய்மைப் பணியாளருக்குத் தெரிய வேண்டும்.

கேள்வி: பழைய தெர்மாமீட்டர் உடைந்து பாதரசம் தரையில் ஓடிவிட்டது. பெருக்கிவிடலாமா?

பதில்: துடைப்பம் கூடவே கூடாது, பெருக்கினால் இன்னும் பொடிப்பொடியாகச் சிதறும். ஜன்னலைத் திறங்கள், பிள்ளைகளை வெளியே அனுப்புங்கள், கையுறை போட்டுக்கொண்டு இரண்டு அட்டைகளால் உருண்டைகளை ஒன்றுசேர்த்து மூடியுள்ள பாட்டிலில் எடுங்கள், மிச்சத் துளிகளை செலோ டேப்பில் ஒட்டி எடுத்து அதே பாட்டிலில் போடுங்கள். ஃப்யூஸ் போன பழைய வகை டியூப் லைட்டிலும் (எல்இடி அல்ல) கொஞ்சம் பாதரசம் உண்டு, உடைக்காமல் தனியாகக் கொடுங்கள்.

கேள்வி: பால் கவர், சிப்ஸ் கவர் இரண்டுமே பிளாஸ்டிக்தானே, ஏன் ஒன்றை மட்டும் கடையில் வாங்குகிறார்கள்?

பதில்: பால் கவர் ஒரே வகை பிளாஸ்டிக், உருக்கினால் திரும்பப் பயன்படும். கழுவிக் காயவைத்துக் கொடுங்கள். ஒன்று மட்டும், மூலையைத் தனித்துண்டாக வெட்டி எறியாதீர்கள், அந்தப் பொடித் துண்டை யாரும் பொறுக்க மாட்டார்கள். சிப்ஸ் கவரில் பிளாஸ்டிக்கும் அலுமினியப் பூச்சும் அடுக்காக ஒட்டியிருக்கும், பிரிக்கிற செலவு கட்டுப்படியாகாது. தனியாகச் சேர்த்து வைத்தால் அதிகபட்சம் அரியலூர் பக்கம் சிமென்ட் ஆலையில் எரிபொருளாகும். வாங்குவதைக் குறைப்பதுதான் வழி, எனக்கும் அது கஷ்டம்தான்.

கேள்வி: மாடியில் உரத்தொட்டி வைத்தேன், புழு வந்து நாறுகிறது. தூக்கி எறிந்துவிடவா?

பதில்: வேண்டாம். ஈரம் அதிகம், அவ்வளவுதான். காய்ந்த சருகையோ தேங்காய் நார்த்தூளையோ ஒவ்வொரு முறையும் மேலே போட்டுக் கிளறுங்கள், நாற்றம் அடங்கிவிடும். புழு தன் வேலையைப் பார்க்கிறது, அதை விட்டுவிடுங்கள்.