மீன் தின்றால் பேய் தெரியுமா? கேட்டவர்களுக்கெல்லாம் என் பதில்

போன வாரம் இங்கே சந்தையில் எடுத்த சோப் என்ற மீனின் படத்தைப் போட்டு, "இதைத் தின்ற சிலருக்கு இல்லாததெல்லாம் கண்ணுக்குத் தெரிந்திருக்கிறது" என்று ஒரு வரிதான் எழுதினேன். அதற்கப்புறம் போன் ஓயவில்லை. தனித்தனியாகப் பதில் சொல்ல முடியாது என்பதால் கேள்விகளைச் சேர்த்து எழுதுகிறேன். புதிதாக வந்தவர்களுக்காக: தூத்துக்குடியில் மீன்வளம் படித்தேன், பிரான்ஸில் மார்செய்க்கு வந்து பதினாறு வருடம் ஆகிறது, மீன் தரம் பார்ப்பதுதான் வேலை. டாக்டர் இல்லை, அதை மனதில் வைத்துப் படியுங்கள்.

கேள்வி: அக்கா, இது நிஜமா? இல்லை வாட்ஸ்அப் கதையா?

நிஜம்தான், ஆனால் ரொம்ப அபூர்வம். இங்கே மார்செய் நச்சு மையத்தைச் சேர்ந்த டாக்டர்கள் 2006இல் இரண்டு பேருடைய கதையை மருத்துவ இதழில் எழுதினார்கள். முதல் ஆள் நாற்பது வயதுக்காரர். 1994இல் தென் பிரான்ஸ் கடற்கரைக்கு விடுமுறைக்கு வந்தவர், இந்தச் சோப் மீனைச் சுட்டுச் சாப்பிட்டிருக்கிறார். இரண்டு மணி நேரத்தில் குமட்டல், அப்புறம் வாந்தி, கண் மங்கல், கைகால் தளர்ச்சி. மறுநாளும் சரியாகவில்லை, சரி ஊருக்கே போய்விடலாம் என்று காரை எடுத்தவருக்கு நடுவழியில் காரைச் சுற்றிலும் மிருகங்கள் கத்துகின்றன, பூதாகாரமான பூச்சிகள் ஊர்கின்றன. வண்டியை நிறுத்திவிட்டார், நல்லவேளை. ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள், மொத்தம் ஒன்றரை நாளில் தெளிந்துவிட்டது. நடந்தது எதுவும் அவருக்கு நினைவில் இல்லை.

இரண்டாவது ஆள்தான் என் மனதை விட்டுப் போகாதவர். 2002, செயின்ட் ட்ரோபே ஊர், தொண்ணூறு வயதுப் பெரியவர், அதே சோப் மீன். சாப்பிட்ட கொஞ்ச நேரத்தில் மனிதர்கள் அலறுகிற சத்தமும் பறவைகள் கத்துகிற சத்தமும் காதில் கேட்க ஆரம்பித்தது. அடுத்த இரண்டு ராத்திரியும் கெட்ட கனவு. இத்தனையையும் அவர் யாரிடமும் சொல்லவில்லை, வீட்டில் சொன்னால் கிழவனுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று நினைத்துவிடுவார்களோ என்ற பயம். மூன்று நாளில் எல்லாம் தானாக அடங்கிய பிறகுதான் நச்சு மையத்துக்குப் போன் செய்து, அன்று தின்ற மீனைப் பற்றிச் சொல்லியிருக்கிறார். அவர் அந்தப் போனைச் செய்யாமலே இருந்திருந்தால் நமக்குத் தெரிந்திருக்காது. இப்படி வாயைத் திறக்காமல் போனவர்கள் எத்தனை பேரோ என்று எனக்கு எப்போதும் ஒரு சந்தேகம் உண்டு.

கேள்வி: பார்க்க எப்படி இருக்கும்?

அழகான மீன், அதுதான் வேடிக்கை. வெள்ளி உடம்பில் தலையிலிருந்து வால் வரை தங்கநிறக் கோடுகள் பத்துப் பன்னிரண்டு, கண்ணும் மஞ்சள், பக்கத் துடுப்பின் அடியில் ஒரு கறுப்புப் பொட்டு. பெரும்பாலும் ஒரு ஜாண் அளவு, சிலது அதைவிடப் பெரிது. அறிவியல் பெயர் சார்பா சால்பா. குஞ்சாக இருக்கும்போது சின்னச் சின்ன இறால் வகைகளைத் தின்னும், வளர்ந்தபின் சுத்த சைவம், கூட்டம் கூட்டமாகக் கடற்புல்லையும் பாசியையும் ஆடு மாதிரி மேயும். ஆணாக இருந்து பிறகு பெண்ணாக மாறும், அது வேறு கதை. மத்தியதரைக் கடலிலும் ஆப்பிரிக்காவின் மேற்குக் கரையிலும் சாதாரணமாகக் கிடைக்கிற மீன், வழி தப்பி இங்கிலாந்தின் கார்ன்வால் பக்கம்கூட அகப்பட்டிருக்கிறது. அரபியில் இதற்குக் கனவு மீன் என்று அர்த்தம் வருகிற பெயர் உண்டு என்று எழுதுகிறார்கள்.

இது மட்டும் இல்லை. பசிபிக்கிலும் இந்தியப் பெருங்கடலிலும் நவரை, மடவை, ஒரா வகைகளில் சிலவற்றின் மேலும் இதே புகார் உண்டு.

கேள்வி: ஐயோ, ஒரா எண்டா எங்கட ஒராவோ? ஒடியல் கூழுக்கு அதைத்தானே போடுறனாங்கள்! இனிச் சாப்பிடலாமோ அக்கா?

சாப்பிடுங்கோ, பயப்படாதேங்கோ. ஒரா என்பது ஒரே மீன் இல்லை, அந்தக் குடும்பத்தில் ஏகப்பட்ட வகை இருக்கிறது. ரீயூனியன் தீவில் ஒரு வகை ஒராவைத்தான் போதை தருகிற மீன் என்று சொல்வார்கள். யாழ்ப்பாணத்திலோ பாம்பனிலோ ஒரா தின்று ஒருவருக்குப் பிரமை வந்ததாக நான் இதுவரை கேள்விப்பட்டதில்லை, எங்கள் வீட்டிலேயே தலைமுறை தலைமுறையாகத் தின்கிறோம். ஒராவில் பயப்பட வேண்டியது அதன் முதுகு முள்ளுக்குத்தான். ஆயும்போது குத்தினால் கை விண்விண் என்று தெறிக்கும், பொறுக்கிற சூட்டில் வெந்நீரில் கையை வைத்தால் அடங்கும். அது முள்ளில் இருக்கிற விஷம், தின்பதோடு சம்பந்தம் இல்லை.

இதில் ஒரு சுவாரசியம். செங்கடல் ஒராக்கள் இரண்டு வகை, சூயஸ் கால்வாய் வழியாக மத்தியதரைக் கடலுக்குள் வந்து, கிழக்குப் பக்கம் லெபனான், துருக்கி கரைகளில் சோப் மீனின் மேய்ச்சலையே பிடுங்கிக்கொண்டுவிட்டன. அந்தப் பக்கம் சோப் இப்போது குறைவு, ஒராதான் எங்கும்.

கேள்வி: மீனுக்குள் அப்படி என்ன இருக்கிறது? டி.எம்.டி. என்ற போதைப் பொருள் என்று ஒரு வீடியோவில் சொன்னார்களே?

டி.எம்.டி. என்று ஆளுக்கு ஆள் சொல்கிறார்களே தவிர, எவரும் அதைப் பிரித்தெடுத்து இதுதான் காரணம் என்று நிரூபிக்கவில்லை. பொருள் எது என்று இன்றுவரை கண்டுபிடிக்கவில்லை. பெரும்பாலானவர்கள் நம்புவது: மீன் அதைத் தயாரிப்பதில்லை, மேய்ச்சலில் வருகிறது. கடற்புல் இலையின் மேல் ஒட்டி வளர்கிற பாசிகளும் கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர்களும் இருக்கின்றன, அவற்றில் ஏதோ ஒன்றின் நஞ்சு மீனில் சேர்கிறது. துனிசியாவில் இந்த மீனின் உறுப்புகளைத் தனித்தனியாக எடுத்து எலிகளில் சோதித்தபோது சதையைவிட ஈரலிலும் குடலிலும்தான் நச்சு அதிகமாக இருந்தது, அதுவும் பருவத்துக்குப் பருவம் மாறியது. ஒரே கடலில் பிடித்த மீன் ஒரு மாதம் ஒன்றும் செய்யாமல் இருந்து இன்னொரு மாதம் ஆளைச் சாய்ப்பதற்கு இதுதான் விளக்கமாக இருக்கும்.

சிலர் காலெர்ப்பா டாக்சிஃபோலியா என்ற பாசியைக் குற்றம் சொல்வார்கள். அது இந்தக் கடலுக்கு உரியதே இல்லை, 1984இல் மொனாக்கோ பக்கம் முதலில் கண்டார்கள், அப்புறம் பரவிவிட்டது, சோப் அதையும் மேயும். எனக்கு இதில் முழு நம்பிக்கை இல்லை. ஹவாயில் இந்தப் புகார் அதற்கு எத்தனையோ காலத்துக்கு முன்பிருந்தே இருக்கிறதே.

கேள்வி: நன்றாகக் கொதிக்க வைத்தால் போய்விடுமா மேடம்? எங்கள் வீட்டில் புளி ஊற்றி அரை மணி நேரம் கொதிக்க விடுவோம்.

போகாது. சுட்டாலும் பொரித்தாலும் புளிக்குழம்பு வைத்தாலும் இந்த நஞ்சு அசையாது, உறைய வைத்தாலும் அப்படித்தான். நாற்றமும் ருசியும் காட்டிக்கொடுக்காது. செய்யக்கூடியது ஒன்றுதான், தலையையும் குடலையும் ஈரலையும் தூக்கி எறிவது. அதுவும் ஆபத்தைக் குறைக்கும், அவ்வளவுதான்.

கேள்வி: தப்பா நினைக்காதீங்க அக்கா, இந்த மீன் எங்கே கிடைக்கும்? கஞ்சா மாதிரி போலீஸ் தொல்லையும் இல்லையே...

இந்தக் கேள்வி மட்டும் ஏழு பேர் கேட்டிருக்கிறீர்கள்! தம்பிகளா, முதலில் மேலே அந்தக் கார்க்காரர் கதையை இன்னொரு முறை படியுங்கள். சட்டப்படி தடை இல்லைதான். ஆனால் நூறு பேர் தின்றால் நூறு பேருக்கும் ஒன்றும் ஆகாமல் இருக்கலாம், காசு கொடுத்து வாங்கி, முள் எடுத்து, பாசி வாடை அடிக்கிற மீனைத் தின்றுவிட்டு ராத்திரி முழுக்க ஒன்றும் நடக்காமல் உட்கார்ந்திருப்பீர்கள். நடந்தால் அதைவிட மோசம், வாந்தி, எழுந்து நடக்கப் பார்த்தால் தள்ளாட்டம், நெஞ்சை யாரோ அமுக்குவது போல ஒரு திணறல், கண்ணை மூடினால் கெட்ட கனவு. பதிவான கதைகளில் பெரும்பாலும் பயம்தான். எவ்வளவு தின்றால் எவ்வளவு ஏறும் என்று கணக்கும் கிடையாது.

கேள்வி: ரோமானியர்கள் விருந்தில் போதைக்காகவே இதைத் தின்றார்களாமே?

எல்லா இடத்திலும் இந்த வரி இருக்கிறது, ஆதாரம் தேடிப் போனால் கையில் ஒன்றும் மிஞ்சவில்லை. ரோமானிய எழுத்தாளர் பிளினி இந்த மீனைப் பற்றி எழுதியது எனக்குத் தெரியும்: இபிசா தீவில் மட்டும் இதற்கு மதிப்பு உண்டு, மற்ற ஊர்களில் அருவருப்பான மீன், கம்பால் அடித்துத் துவைக்காமல் சமைத்தால் வேகவே வேகாது. இவ்வளவுதான், போதையைப் பற்றி மூச்சே இல்லை. கம்பால் அடித்துச் சமைக்க வேண்டிய மீனையா விருந்தில் வைப்பார்கள்?

கேள்வி: ஹவாய் என்றீர்களே, அங்கே என்ன கதை?

எனக்குப் பிடித்த பகுதி இது. ஹவாயில் நவரை இனத்து மீனுக்கு வெக்கே என்று பெயர், அதில் ஒரு வகையைக் கெட்ட கனவு வெக்கே என்றே சொல்வார்கள். லானாய் என்ற சின்னத் தீவு ஒரு காலத்தில் பேய்கள் மட்டுமே குடியிருந்த தீவாம், அவற்றுக்குத் தலைவன் பாஹுலு. பக்கத்து மாவி தீவுத் தலைவனின் மகன் பெரிய வால் பையன், பலா மாதிரியே இருக்கிற ஈரப்பலா மரங்களை லஹைனாவில் பிடுங்கி எறிந்ததால், போய்ப் பேய்களோடு இரு என்று அவனை லானாய்க்கு நாடு கடத்திவிட்டார்கள். அவன் பயந்து சாகாமல், பேய்களை ஒவ்வொன்றாக ஏமாற்றிக் கொன்று, பாஹுலுவையும் தீர்த்துவிட்டான். செத்த பாஹுலுவின் ஆவி போய்ப் புகுந்த இடம் இந்த மீன். அதனால் லானாய்க்குப் பக்கத்தில் பிடித்த வெக்கே தின்றால் கனவு ரொம்பக் கோரமாக வரும், தலையைத் தொடவே கூடாது என்பார்கள்.

கதை ஒரு பக்கம் இருக்கட்டும், 1960இல் இரண்டு ஆராய்ச்சியாளர்கள் ஹவாயில் இதை முறையாக விசாரித்து எழுதினார்கள். மடவையும் நவரையும்தான் மீன்கள், கவாய், மொலோகாய் தீவுகளின் சில இடங்கள், மாதம் ஜூனிலிருந்து ஆகஸ்ட் வரை. தின்ற சில நிமிடங்களிலிருந்து இரண்டு மணி நேரத்துக்குள் ஆரம்பித்து ஒரு நாளைக்குள் அடங்கிவிடும். தலையைத் தின்னாதே என்ற பழக்கத்தையும் துனிசிய எலிச் சோதனையையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், சதையை விட்டு வேறு இடத்தில்தான் வம்பு என்பதை அந்த மீனவர்கள் எப்போதோ பிடித்துவிட்டார்கள்.

கேள்வி: நல்ல கனவு கண்டவர் ஒருத்தர்கூட இல்லையா?

ஒருவர் இருக்கிறார். ஆஸ்திரேலியாவுக்குக் கிழக்கே நார்ஃபோக் தீவில் கைஃபோசஸ் இனத்து மீனுக்குக் கனவு மீன் என்று பெயர். நேஷனல் ஜியாகிரபிக் படக்காரர் ஜோ ராபர்ட்ஸ் 1960இல் அதைச் சுட்டுத் தின்று பார்த்தார். அன்று ராத்திரி புது மாதிரி கார் ஒன்றும், மனிதன் முதன்முதலில் விண்வெளிக்குப் போனதற்கு எழுப்பிய நினைவுச்சின்னங்களும் கனவில் வந்ததாம். முதன்முதலில் விண்வெளிக்குப் போன ககாரினே போனது 1961 ஏப்ரலில்தான், ராபர்ட்ஸ் கனவில் முந்திக்கொண்டார்!

கேள்வி: நான் கப்பல்காரன். கரீபியன் பக்கம் ஒரு தடவை சீலா தின்றுவிட்டு மூன்று வாரம் பச்சைத் தண்ணீர் கையில் பட்டால் சுட்டது. அதுவும் இதுதானா?

இல்லை அண்ணே, நீங்கள் சொல்வது சிகுவாடெரா. அதுவும் பாசியில் வாழ்கிற நுண்ணுயிரிலிருந்து வருகிற நஞ்சுதான், ஆனால் சின்ன மீனைப் பெரிய மீன் தின்று, அதை இன்னும் பெரியது தின்று, கடைசியில் சீலா மாதிரி வேட்டை மீனில் போய்க் குவியும். குளிர்ந்தது சுடுகிற மாதிரி தோன்றுவது அதற்கே உரிய அடையாளம், வாரக்கணக்கில் இழுக்கும். கனவு மீன் விஷயம் மேய்கிற மீனில் வருவது, ஒரு நாள் மூன்று நாளில் முடிந்துவிடும். பழைய சூரை, கானாங்கெளுத்தி தின்று முகம் சிவந்து உடம்பெல்லாம் தடிப்பது ஹிஸ்டமின், மீன் கெடும்போது அதில் உண்டாகிற பொருள், அது ஐஸ் சரியாகப் போடாத கோளாறு. மூன்றையும் போட்டுக் குழப்பாதீர்கள், டாக்டரிடமும் தனித்தனியாகச் சொல்லுங்கள்.

கேள்வி: யாருக்காவது இப்படி ஆகிவிட்டால் என்ன செய்வது?

மாற்று மருந்து கிடையாது. ஆளைத் தனியாக விடாதீர்கள், வண்டிச் சாவியை வாங்கி வையுங்கள், மாடியில் இருந்தால் கீழே கூட்டி வாருங்கள், ஆஸ்பத்திரிக்குப் போங்கள். அங்கே ட்ரிப்ஸ் ஏற்றி, தேவைப்பட்டால் பதற்றம் தணிக்க மருந்து கொடுத்துப் பார்த்துக்கொள்வார்கள். மீதி மீன் இருந்தால் கொட்டிவிடாமல் பையில் கட்டி எடுத்துப் போங்கள், இல்லையென்றால் போதை ஊசியா, பைத்தியமா என்றுதான் முதலில் பார்ப்பார்கள்.

கேள்வி: அக்கா, நீங்கள் தின்றிருக்கிறீர்களா? உண்மையைச் சொல்லுங்கள்.

ஒரே ஒரு தடவை, வந்த புதிதில். பழைய துறைமுகக் கரையில் காலையில் மீனவர்களே பெட்டி போட்டு விற்பார்கள், அங்கே மற்ற மீன் விலையைக் கேட்டால் மயக்கம் வரும், சோப் மட்டும் கொள்ளை மலிவு. ஏன் மலிவு என்று யோசிக்காமல் இரண்டு கிலோ வாங்கிவிட்டேன். விற்ற அம்மா, இப்போதே குடலை எடுத்துத் தரட்டுமா என்று கேட்டாள், ஊர்ப் பழக்கத்தில் வீட்டில் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டு, மதியம் வரை பையிலேயே வைத்திருந்தேன். வயிற்றைக் கீறியதும் உள்ளே இருந்து பசேல் என்று புல் சாறு மாதிரி வழிந்தது, குடல் முழுக்க அரைத்த பாசி, அந்த வாடை சதைக்குள் இறங்கிவிட்டிருந்தது. இந்த மீனைப் பிடித்த கையோடு குடலை எடுக்க வேண்டும் என்பது எனக்குத் தெரியாது, அந்த அம்மாவுக்குத் தெரிந்திருந்தது. மஞ்சள் தேய்த்து, மல்லித்தூள் கூடப் போட்டுக் குழம்பு வைத்தும் அமுங்கவில்லை. வீட்டுக்காரர் ஒரு துண்டோடு ரசத்துக்குப் போய்விட்டார், நான் வீம்புக்கு மூன்று துண்டு தின்றேன். பேயும் வரவில்லை, கனவும் வரவில்லை. ஜன்னலைத் திறந்து வைத்து இரண்டு நாள் ஆகியும் பாசி நாற்றம்தான் போகவில்லை.